மேடையிலிருந்து நாவலுக்கு வந்த எமினே

எமினே செவ்கி ஓஸ்டமாரைப் படிக்கும்போதெல்லாம் நெஞ்சு நிறைகிறது. 1946இல் துருக்கியின் மலாத்யாவில் பிறந்தவர். 1965இல் கூலித் தொழிலாளியாக மேற்கு பெர்லினுக்கு வந்தபோது இருபது வயதுகூட ஆகவில்லை, ஜெர்மன் மொழியும் தெரியாது. வேலை, வானொலி வால்வு தயாரிக்கும் தொழிற்சாலையில். சம்பாதித்தது போதும் என்று இருந்துவிடாமல், இஸ்தான்புல் திரும்பி நாடகப் பள்ளியில் சேர்ந்தார். 1971இல் ராணுவம் தலையிட்டபின் அங்கே கலைஞர்களுக்கு மூச்சுவிட இடமில்லை. 1976இல் மீண்டும் பெர்லின், இம்முறை கிழக்கு. நாடகாசிரியர் பிரெக்ட்டோடு பணியாற்றிய பென்னோ பெஸ்ஸோனிடம் ஃபோல்க்ஸ்ப்யூனே நாடக அரங்கில் வேலை. பிறகு ஜெர்மனியின் போஹும் நகரில் நடிப்பு.

எழுத்து அதன் பின்னரே. அதுவும், வளர்ந்தபின் கற்ற ஜெர்மனில்! 1991இல் இங்கேபோர்க் பாஹ்மன் பரிசு. நடுவர்கள் முன்னால் எழுத்தாளரே வாசித்துக் காட்ட வேண்டிய போட்டி அது. மேடையில் பழகிய குரல் அங்கே எப்படி ஒலித்திருக்கும் என்று அடிக்கடி நினைப்பேன். அவர் வாக்கியங்களை உரக்கப் படித்தால்தான் முழுச் சுவையும் கிடைக்கும் என்பது என் துணிபு. 2022இல் ஜெர்மன் இலக்கியத்தின் ஆகப் பெரிய விருதான கியோர்க் ப்யூஷ்னர் பரிசும் வந்தது.

புதிதாகப் படிப்பவர்கள் ‘பொற்கொம்புப் பாலம்’ நாவலில் தொடங்குங்கள். அந்தத் தொழிற்சாலைப் பெண்களின் விடுதி வாழ்க்கை அதில் இருக்கிறது.