பியர் கிளெமெந்தி: ஒரு கையறுநிலை

கனல் கரந்த கண்ணினாய்! பியர் கிளெமெந்தி! நின் பெயர் சொன்னால் யாரென வினவும் உலகின் நடுவே நின்று நினக்காக அரற்றுகின்றேன்.

விஸ்கோந்தியின் 'சிறுத்தை' படத்தில் (1963) சிசிலிக் கோமகனின் மைந்தனாய் மாளிகைக் கூட்டத்தில் நின்றாய். அங்கே நின்னைத் தேடித்தான் காண வேண்டும். நான்கே ஆண்டில், புனுவேலின் 'பெல் தெ ஜூர்' படத்தில் நீ அடி வைத்ததும் என் கண் பிறர்பால் செல்ல மறுத்தது. உலோகப் பல், நீண்ட தோல் அங்கி, கையில் கோல். கொலைக்கு அஞ்சாத இளைஞன். ஆயினும் கிழிந்த காலுறை ஒன்று அவன் வறுமையைக் காட்டிக் கொடுத்துவிடும். அக்கொடியவனுக்காகவும் நெஞ்சை நெகிழ வைத்தாயே! அவ்வருளை நடிப்பென்று மட்டும் சொல்ல என் நா துணியவில்லை.

பசோலினியின் 'பன்றித்தொழுவ'த்தில் (1969) எட்னா எரிமலையின் கருஞ்சரிவில் மனிதத் தசை தின்று திரியும் பசித்தவன் நீ. ஏறக்குறையச் சொல்லின்றியே அப்பெரும்பசியைச் சுமந்தாய். முடிவில் நின்னை முளையில் பிணித்து நாய்களுக்கு இரையாக விட்டனர்.

திரையில் நீ மாய்ந்தபோதெல்லாம் காமிரா உடனிருந்தது. 1971இல் ரோமில் போதைப்பொருள் வழக்கில் நின்னைப் பிணித்துச் சென்றபோது அதுவும் இல்லை. 17 மாதம், ஐயகோ, 17 மாதம்! 28 வயதில் சிறை புகுந்தவன் 30 வயதில் மீண்டாய். சான்று போதாதென்று விடுவித்தது அறமன்றம். போதாத சான்றுக்குப் போன நாள்களை எந்தக் கருவூலத்திலிருந்து அளந்து தருவது?

நின்னுள் இருந்த எழுத்தாளன் அந்த இருளில் விழித்தான். 'சில தனிப்பட்ட செய்திகள்' என நூலொன்று 1973இல் வெளிவந்தது. நடிகர் எழுதும் நூல்கள் பெரிதும் தம் புகழையே எண்ணிக் காட்டும். நீ எழுதியதோ சிறை; அது மனிதனை நாள்தோறும் அரைக்கும் முறை. அதன்பின் நின்னை நடிகர் வரிசையில் மட்டும் வைத்து எண்ண என் மனம் ஒப்பவில்லை.

மகவெயெவின் படத்தில் சர்க்கரைக் குவியலில் குத்துண்டு கிடந்தாய். ரிவெத்தின் 'வடக்குப் பால'த்திலும் (1981) வந்தாய். கைக்காமிரா ஏந்தி நீயே படைத்தவையும் உண்டு: உருவின்மேல் உரு படிய, நிறத்தை நிறம் எரிக்கும் படங்கள்; 1968இல் கொந்தளித்த பாரிசுத் தெருவும் அவற்றுள் அடக்கம். 1988இல் 'கதிரவன்' என்று பெயர் சூட்டி எடுத்த படத்திலும் நின் குரல் அச்சிறைக்கே திரும்பியது. திறந்துவிட்ட கதவு நினக்கு மட்டும் திறக்கவே இல்லையோ?

எட்னா இன்னும் புகைகிறது. படச்சுருளில் நின் கருங்குழல் இன்னும் காற்றில் அலைகிறது. நீ இல்லை, யான் என் செய்கோ! 1999 டிசம்பர் 27, பாரிசில், கல்லீரல் புற்று நின்னைக் கொண்டது, வயது 57. அந்த 17 மாதத்தை நினக்கு எவரும் திருப்பித் தரவில்லை.