ஆறு தூங்கிவிட்டதா?

பரமார்த்த குருவை எனக்குக் காட்டியது புத்தகமில்லை, எங்கள் அப்பாயி. மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன் என்று ஐந்து சீடர் பெயரையும் ஒரே மூச்சில் சொல்லிவிட்டுத்தான் கதைக்குள் போகும். கோடை விடுமுறையில் திண்ணையில் பாய் விரித்துக் கிடக்கும் பெரியப்பா, சித்தப்பா, அத்தை பிள்ளைகள் எல்லாரும் சீடர்கள். குரு எப்போதும் அப்பாயிதான்.

ஊரை ஒட்டிக் கொள்ளிடம் ஓடுவதால் ஆற்றைக் கடக்கும் கதைக்குத் தனி மவுசு. ஆறு தூங்குகிறதா என்று பார்க்க ஒரு சீடன் கொள்ளிக்கட்டையைத் தண்ணீரில் வைப்பான். ‘சுர்ர்ர்’ என்று அப்பாயி பல்லிடுக்கில் காற்றை இழுக்கும்போது சின்னதுகள் காலை மடக்கிக்கொள்ளும். அப்புறம் அணைந்துபோன அதே கட்டையை மறுபடி நனைத்து, சத்தமில்லை, தூங்கிவிட்டது என்று இறங்குவார்கள். கரையேறியதும் அப்பாயி எங்களை வரிசையில் நிறுத்தும். எண்ணுகிறவன் தன்னை விட்டுவிட்டு எண்ண, ஒருத்தன் ஆற்றோடு போய்விட்டான் என்று தெருவே திரும்பிப் பார்க்க ஒப்பாரி வைப்போம். அப்போது வந்து கணக்கைச் சரிசெய்யும் வழிப்போக்கனும் அப்பாயியேதான். விசிறிக்காம்பால் முதுகில் ஒரு தட்டு. தட்டு வாங்கியவன் தன் பெயரைச் சொல்ல வேண்டும். தலை சரியாக வந்துவிடும்.

இந்தக் கதையை எழுதியவர் இத்தாலியிலிருந்து வந்த பாதிரியார் வீரமாமுனிவர், பக்கத்து ஏலாக்குறிச்சியில் வாழ்ந்தவர், 1822-இல் லண்டனில் பாபிங்டனின் ஆங்கில மொழிபெயர்ப்போடு அச்சானது என்பதெல்லாம் கல்லூரியில்தான் தெரிந்தது. அப்பாயிக்கு எழுத்துத் தெரியாது. பாதிரியார் எழுதியது அப்பாயி வாய்க்கு வந்தது என்பதைவிட, அதைப் போன்ற கிழவிகள் சொன்னதில்தான் அவர் நிறைய எடுத்திருப்பார் என்று எனக்குப் படுகிறது.

இப்போது அந்தத் திண்ணை இல்லை. என் தம்பி பேத்தி இந்தக் கதையைச் செல்போனில் பொம்மைப் படமாகப் பார்க்கிறாள், சிரிக்கவும் செய்கிறாள். ஆனால் வீட்டில் ஒற்றைப் பிள்ளை. அவள் யாரை எண்ணுவாள்?

அச்சுப் புத்தகத்தைப் படித்தபோது ஒன்று திக்கென்றது. கடைசியில் குரு செத்துப்போகிறார். பிட்டம் குளிர்ந்தால் மரணம் என்ற வாக்கை நம்பி அவர் மயங்கிக் கிடக்க, பிணமென்று எண்ணிய சீடர்கள் தண்ணீரில் அமுக்கிக் குளிப்பாட்டியே கொன்றுவிடுகிறார்கள். அப்பாயி இதை ஒருநாளும் சொன்னதில்லை. அதன் கதையில், தண்ணீர் பட்டதும் குரு ஒரு தும்மல் போட்டு எழுந்து, “மிளகு ரசம் வைங்கடா” என்பார். அடுப்பை யார் மூட்டுவது என்று ஐந்து பேருக்கும் சண்டை தொடங்கும்.