பஸ்ஸர் ஏன் கத்தவில்லை?

சென்னை ரிச்சி தெருவில் ஒரு டிரான்சிஸ்டரின் விலை டீயை விடக் குறைவு. ரெசிஸ்டர், பஸ்ஸர், எல்.இ.டி., பிரெட்போர்டு என்று பள்ளிக்கூடப் பிள்ளை கேட்கும் எல்லாமே அங்கே கைக்கு எட்டும் விலையில் கிடைக்கின்றன. வாங்கியதை வைத்து வேலை செய்ய ஒரு மேசைதான் கிடைப்பதில்லை. ஒற்றை அறை வீட்டில், கைக்குழந்தை தவழும் இடத்தில், 350 டிகிரி சூட்டில் இருக்கும் சால்டரிங் அயர்னை எங்கே வைப்பது? பிள்ளை வாங்கிய சாமான் பாலிதீன் கவரிலேயே கிடக்கும்.

அந்தத் தெருவிலிருந்து நடக்கும் தூரத்தில், ஒரு பழைய கட்டடத்தின் மாடியில் இருக்கும் மேக்கர்ஸ்பேஸ் அந்த மேசையைத் தருகிறது. சனி, ஞாயிறுகளில் கூட்டம் அதிகம். உள்ளே நுழைந்ததும் 3டி பிரிண்டர்தான் கண்ணில் படும். பிளாஸ்டிக் இழையை உருக்கி, படலம் படலமாக ஏதோ ஒரு பல்சக்கரத்தை அடுக்கிக்கொண்டிருந்தது. பக்கத்து அறையில் லேசர் கட்டர். பார்வையாளர்கள் இவற்றின் முன்னால் நின்றுதான் போட்டோ எடுத்துக்கொள்கிறார்கள். பிள்ளைகள் மொய்த்திருந்ததோ ஜன்னலோர மேசையை.

அங்கே உட்கார்ந்திருந்தவருக்கு நாற்பது வயது இருக்கலாம். எல்லோருக்கும் அவர் ‘அக்கா’. ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஒரு போன் கம்பெனியில் ரீஒர்க் மேசையில் இருந்தவர். மெஷின் பொருத்திய போர்டில் ஒரு பாகம் கோணலாக உட்கார்ந்திருந்தாலோ, இரண்டு கால்களுக்கு நடுவே ஈயம் ஓடி ஒட்டியிருந்தாலோ, அந்த போர்டு அவர் கைக்கு வரும். லென்ஸுக்குக் கீழே வைத்துச் சரிசெய்து அனுப்ப வேண்டும். ஆட்குறைப்பில் வேலை போனது. அந்தக் கையும் கண்ணும்தான் இப்போது இங்கே பாடம் நடத்துகின்றன.

சால்டரிங் அவர் சொல்லித் தருவதைப் பக்கத்திலிருந்து பார்த்தேன். புதிதாக வருகிற யாரும் அயர்ன் நுனியில் ஈயத்தை எடுத்துக்கொண்டு போய் இணைப்பில் தடவுவார்கள். அவர் கையைப் பிடித்து நிறுத்துகிறார். “முதல்ல பாகத்தோட காலையும் போர்டு பேடையும் சேர்த்துச் சூடு பண்ணு. சூடான எடத்துக்கு ஈயம் தானா ஓடி வரும்.” வெள்ளீயம் 60 பங்கும் காரீயம் 40 பங்கும் கலந்த கம்பி அது. 183 டிகிரியில் இளகத் தொடங்கி, 190ஐ எட்டும்போது முழுக்க உருகிவிடும். கம்பியை முதலில் எடுக்க வேண்டும், அயர்னை அப்புறம். ஊதக் கூடாது. ஆறுகிற நேரத்தில் கை ஆடக் கூடாது. சரியாக வந்த இணைப்பு காலைச் சுற்றிச் சரிவாக இறங்கிப் பளபளக்கும். சரியாக வராதது மங்கலாக உருண்டு நிற்கும். டிரை சால்டர் என்பார்கள். வேலை முடிந்து சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பிரிக்கப் போன பையனை எழுப்பிக் கை கழுவ அனுப்பினார். மேலே எழும் புகை ஃப்ளக்ஸில் உள்ள பைன் பிசின் எரிவதால் வருவது, காரீயம் விரலில்தான் ஒட்டியிருக்கும் என்று அவனிடம் சொன்னதை மற்ற பிள்ளைகளும் கேட்டுக்கொண்டார்கள்.

ஒன்பதாம் வகுப்புப் பெண் ஒருத்தி மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டிக்கு அலாரம் செய்துகொண்டிருந்தாள். தொட்டி நிரம்பி இரண்டு கம்பிகளைத் தண்ணீர் தொட்டதும் டிரான்சிஸ்டரின் பேஸுக்குச் சிறு மின்னோட்டம் போகும். அது பெரிதாகி பஸ்ஸரைக் கத்த வைக்கும். மூன்று பென்சில் பேட்டரி போதும். எல்லாம் பற்றவைத்தாயிற்று. கம்பிகளை டம்ளர் தண்ணீரில் விட்டால் சத்தமே இல்லை.

“அக்கா, பஸ்ஸர் போயிடுச்சு போல.”

“பஸ்ஸரை நேரா பேட்டரில குடுத்துப் பாத்தியாம்மா?”

கொடுத்தாள். கத்தியது. மல்டிமீட்டரைக் கன்டின்யூட்டியில் வைத்து ஒவ்வொரு இணைப்பாகத் தொட்டாள். எல்லாமே பீப் சொன்னது. மிஞ்சியது டிரான்சிஸ்டர். அக்காவுக்குப் பார்த்த உடனே தெரிந்திருக்கும் என்று எனக்குத் தோன்றியது. ஆனாலும் சொல்லவில்லை. ஈயம் உறிஞ்சும் ‘சக்கர்’ பம்பை எடுத்துக் கொடுத்தார். அவள் ஈயத்தை உருக்கி உறிஞ்சி, டிரான்சிஸ்டரைக் கழற்றினாள். மஞ்சள் மல்டிமீட்டரில் டிரான்சிஸ்டர் சோதிக்கிற சின்ன ஓட்டைகள் உண்டு. தான் நினைத்திருந்த வரிசையில் கால்களைச் செருகினாள்: திரையில் ஒற்றை இலக்க எண். திருப்பிச் செருகினாள்: முந்நூறுக்குப் பக்கம். அந்தப் பெண்ணின் முகம் மாறியதை நான் பார்த்தேன். அவள் வரைபடத்தில் இருந்தது 2என்3904. கடைக்காரர் அதற்குப் பதிலாகக் கொடுத்தது பி.சி.547. இரண்டும் பார்க்க ஒன்றுபோலவே இருக்கும். தட்டையான முகம் நம்மைப் பார்த்திருக்க, கால்கள் கீழே இருந்தால், முன்னதில் இடமிருந்து எமிட்டர், பேஸ், கலெக்டர். பின்னதில் கலெக்டர், பேஸ், எமிட்டர்.

இந்த அரை மணி நேரத்துக்கு எந்தப் புத்தகமும் ஈடாகாது. வேலை செய்யாத ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு, எது நன்றாக இருக்கிறது என்று ஒவ்வொன்றாக விலக்கிக்கொண்டே வந்து பழுதின் இடத்தைக் கண்டுபிடிப்பதுதான் எலக்ட்ரானிக்ஸ் படிப்பின் உயிர். அதற்குப் பக்கத்தில் ஒருவர் வேண்டும்: விடை தெரிந்தும் அவசரப்படாதவர்.

கையால் செய்தே கற்பது என்ற இந்த எண்ணம் நம் நாட்டுக்குப் புதிதும் இல்லை. புனே மாவட்டம் பாபல் கிராமத்தில் 1983இல் டாக்டர் கல்பாக் தொடங்கிய விஞ்ஞான் ஆசிரமத்தில், கிராமத்துப் பிள்ளைகள் வெல்டிங்கும் கட்டட வேலையும் விவசாயமும் செய்தபடியே அறிவியல் கற்றார்கள். எம்.ஐ.டி.யின் நீல் கெர்ஷன்ஃபெல்டு ‘ஃபேப் லேப்’ என்ற பட்டறைகளை அமெரிக்காவுக்கு வெளியே கொண்டுபோனபோது, தொடக்க காலத்திலேயே 2002இல் அதில் ஒன்று பாபலுக்கு வந்தது. ஏற்கெனவே கைவேலை தெரிந்த இடத்தில் இயந்திரம் வந்து சேர்ந்தது.

நம் பள்ளிகளில் பல நேரம் இந்த வரிசை தலைகீழாகிவிடுகிறது. 2016இல் தொடங்கிய அடல் புத்தாக்க இயக்கம், 6 முதல் 12ஆம் வகுப்பு வரையான பிள்ளைகளுக்கு டிங்கரிங் லேப் அமைக்கப் பள்ளி ஒன்றுக்கு 20 லட்சம் ரூபாய் வரை தந்தது. நல்ல திட்டம், பெரிய தொகை. ஆனால் நான் போயிருந்த ஒரு பள்ளியில் 3டி பிரிண்டர் உறை பிரிக்காமல் இருந்தது. சாவி தலைமையாசிரியர் மேசையில். கெட்டுப்போனால் ஸ்டாக் ரிஜிஸ்டரில் யார் பதில் சொல்வது என்று அறிவியல் ஆசிரியர் கேட்டார். அவர் பயத்தில் நியாயம் இருக்கிறது. கெட்டதைச் சரிசெய்யத் தெரிந்த ஒருவர் பக்கத்தில் இருந்தால் அந்தப் பயம் பாதியாகக் குறையும். சென்னையிலும் அம்பத்தூரிலும் ஸ்ரீபெரும்புதூரிலும் அப்படிப்பட்டவர்கள் நிறைய இருக்கிறார்கள்: லைனில் வேலை பார்த்த பெண்கள், டி.வி. மெக்கானிக்குகள், யு.பி.எஸ். பழுது பார்ப்பவர்கள். பட்டம் இல்லாததால் பள்ளி வாசலைத் தாண்ட முடியாதவர்கள். வாரத்தில் இரண்டு மதியம் இவர்களைச் சம்பளம் கொடுத்துக் கூப்பிடுங்கள் என்று பார்க்கிற அதிகாரிகளிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

நான் கிளம்பும்போது அலாரம் கத்திக்கொண்டிருந்தது. அக்கா அடுத்த கேள்வியை எடுத்துவிட்டார். “இந்தச் செம்புக் கம்பி தண்ணிலயே கெடந்தா என்னாகும்?”

“துருப்பிடிக்குமா அக்கா?”

“பச்சையா பூத்துக் கரைஞ்சிடும். கரன்ட் ஒரே பக்கமா போகுதில்ல. அடுத்த வாரம் வரும்போது ரெண்டு ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் ஸ்க்ரூ வாங்கிட்டு வா.”