ஊரறிந்த இரகசியம்

சிற்றூர் ஒன்றில் இரகசியம் என ஒன்று உண்டா? எல்லோரும் அறிந்திருந்தும் எவரும் வெளிப்படையாகப் பேசாதிருப்பதையே நாம் பெரும்பாலும் இரகசியம் என்கிறோம். இவ்வுண்மையைக் கருவாகக் கொண்ட தொலைக்காட்சி நாடகம் ஒன்றைப் பற்றிச் சிறிது சிந்திப்போம்.

அமெரிக்காவில் 1964 முதல் 1969 வரை, 500க்கு மேற்பட்ட அங்கங்களாக ஒளிபரப்பப்பட்டது ‘பெய்ற்றன் பிளேஸ்’. தன்னைக் கைம்பெண் என ஊருக்குக் காட்டிக்கொள்ளும் தாய். தன் பிறப்பின் உண்மையை அறியாத மகள். செய்யாத கொலைக்காகச் சிறையிலிருக்கும் தந்தை. இம்முடிச்சுகள் அவிழும் நாளுக்காகப் பார்வையாளர் ஆவலுடன் காத்திருந்தனர்.

இதற்கு மூலம், கிரேஸ் மெட்டாலியஸ் 1956 இல் வெளியிட்ட நாவலாகும். அவர் வாழ்ந்த ஊர் நியூ ஹம்ஷயர் மாநிலத்துக் கில்மன்டன். தம்மைச் சந்தி சிரிக்க வைத்துவிட்டார் என ஊரவர் அவர்மீது சினங்கொண்டனர். நாவலின் ஒரு பகுதி, 1940களில் அவ்வூரில் உண்மையாகவே நடந்ததைத் தழுவியது. தன்னை நெடுங்காலம் கொடுமைக்குள்ளாக்கிய தந்தையை மகளொருத்தி கொன்று புதைத்தாள். நாவல் அச்சேறுமுன் அத்தந்தை மாற்றாந்தந்தை ஆக்கப்பட்டான். 1964 இல் தொடங்கிய தொடரிலோ அக்கதைக்கு இடமே இல்லாது போயிற்று!

இங்கேதான் நாம் சற்று நிற்க வேண்டும். ஒருவருடைய உயர்வைக் கண்டு மனம் புழுங்கும்போது, அவரது சறுக்கலைப் பற்றிய செய்தி நமக்குத் தேனாய் இனிக்கின்றது. அதை வேலிக்கு வேலி கொண்டு செல்ல நாம் தயங்குவதில்லை. ஆயின், பக்கத்து வீட்டுப் பிள்ளையின் அழுகுரல் கேட்டால், “அது அவர்கள் வீட்டு விடயம்” என்று கதவைச் சாத்திக்கொள்கிறோம். பேசத் தகாததைப் பேசுகிறோம். பேச வேண்டியதை மறைக்கிறோம். கில்மன்டனுக்கு மட்டும் உரிய குற்றமா இது?

மெட்டாலியஸ் 1964 பெப்ரவரியில், தமது 39ஆவது வயதில் காலமானார். அவ்வாண்டு செப்டெம்பரில்தான் நாடகம் தொடங்கிற்று. ஊர் மறைத்ததை எழுதியவர், ஊர்கள் பல கூடியிருந்து அதை இரசித்ததைக் காணவில்லை.

அடுத்த வீட்டுக் கதை நம் காதுக்கு வரும்போது, அதனால் எவருடைய துன்பமேனும் தீருமா என்று ஒருகணம் எண்ணிப் பார்ப்போம். தீருமெனில், துணிந்து பேசுவோம். இல்லையெனில், அது நம்மோடு நிற்கட்டும்.