கோவை கரிவரதன்

பெம்பான் வட்டாரத் தோட்டங்களில், பழைய மிதிவண்டி வளையத்தைக் குச்சியால் தட்டிக்கொண்டு செம்மண் சாலையில் ஓடாத சிறுவர் அந்நாளில் அரியர். வேகத்தின் மீதுள்ள வேட்கைக்கு ஏழை, செல்வர் என்னும் வேற்றுமை இல்லை. ஆனால், மகிழுந்துப் பந்தயத்திற்கோ அவ்வேற்றுமை நிரம்ப உண்டு.

2005 மார்ச் 20ஆம் நாள், சிப்பாங் பந்தயத் தடத்தில் ஜோர்டான் குழுவின் வண்டியை ஓட்டிப் பதினோராவதாக வந்தார் நாராயண் கார்த்திகேயன். ஃபார்முலா ஒன் பந்தயத்தில் இறங்கிய முதல் இந்தியர் அவரே. அவரை அறிந்த நம் மாணவர் பலர், அவருக்கு முன் அதே கோவையில் வாழ்ந்த கரிவரதனை அறியார்.

1954இல் பிறந்த கரிவரதன், இலட்சுமி ஆலைக் குடும்பத்துப் பிள்ளை. பொருளுக்குக் குறைவில்லை. சென்னைக்கு வடக்கே சோழவரத்தில், உலகப் போர்க் காலத்து விமான ஓடுதளமே அன்று பந்தயத் தடம். வெயிலில் பல்லாயிரவர் கூடி நின்று பார்ப்பர். அங்கே முன்னணியில் ஓட்டியவர்களுள் கரிவரதனும் ஒருவர். அவர் வெற்றிகளோடு நின்றிருந்தால், பழைய பரிசுக் கோப்பைகளோடு அவர் பெயரும் தூசி படிந்திருக்கும்.

அவருக்கு ஓட்டுவதினும் செய்வதில் நாட்டம் மிகுதி. வெளிநாட்டுப் பந்தய வண்டியை வரவழைப்பது எளிய காரியமன்று. சுங்க வரியே கழுத்தை நெரிக்கும். ஆகவே, தம் பட்டறையில் தாமே ஒரு வண்டியை உருவாக்கினார். ஊரெங்கும் ஓடிய மாருதி 800இன் 796 கன சென்டிமீட்டர் இயந்திரம். ஓட்டுநர் ஒருவர் மட்டும் அமரும் இருக்கை. எடை குறைந்த உடல். இயந்திரமோ மூன்று உருளைகள் கொண்ட சிறியது. கேட்போர் நகைத்திருக்கவும் கூடும்! எனினும், 1980களின் இறுதியில் ஃபார்முலா மாருதி என்னும் புதிய பந்தய வகுப்பு அதனால் பிறந்தது.

இங்கேதான் அவருடைய நுண்ணறிவைக் காண்கிறோம். எல்லார்க்கும் ஒரே இயந்திரம், ஒரே வகை வண்டி. பணம் படைத்தவன் கூடுதல் வலிமையை விலைக்கு வாங்க இயலாது. வளைவில் எப்போது வேகம் தணிப்பது, எங்கே முந்துவது என்னும் திறமையே முடிவு செய்யும். செல்வர் வீட்டுப் பிள்ளை ஒருவர் இதனை எண்ணிச் செய்தார் என்பது வியப்புக்குரியது. இவ்வகுப்பிலும் செலவு இல்லாமற் போகவில்லை. ஆனால், முன்பு அடைத்திருந்த கதவு சிறிதேனும் திறந்தது.

1990இல் திருப்பெரும்புதூர் அருகே இருங்காட்டுக்கோட்டையில் புதிய தடம் அமைந்தது. பதின்ம வயது நாராயண் அங்கே தம் முதற்பந்தயத்தை ஓட்டியது ஃபார்முலா மாருதி வண்டியில்தான்.

1995 ஆகஸ்டில், சிறு விமானம் ஒன்று விழுந்து நொறுங்கியதில் கரிவரதன் மாண்டார். அகவை நாற்பத்தொன்று. கோவைச் செட்டிபாளையத்தில் 2003இல் திறக்கப்பட்ட பந்தயத் தடத்திற்கு, நண்பர்கள் அவரை அழைத்த ‘கரி’ என்னும் சுருக்கப் பெயரையே சூட்டினர். அவர் மறைந்தபோது நாராயணுக்கு வயது பதினெட்டு. சிப்பாங் பந்தயத்திற்கு இன்னும் பத்தாண்டுகள் இருந்தன.