நான் எழுதாமல் விட்ட ஒரு வரி

ஆண்டுதோறும் ஒக்டோபர் 30 ஆம் திகதி வரும்போது, மலையகத்தில் பிறந்த எனக்கு இரண்டு நினைவுகள் ஒன்றாக வரும். 1964 இல் அந்நாளில்தான் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் கைச்சாத்தானது. எம்மவர்களில் 5 இலட்சத்து 25 ஆயிரம் பேர் இந்தியாவுக்கு, 3 இலட்சம் பேர் இலங்கைக்கு என்று எம்மைக் கேளாமலே எம்மைப் பங்கிட்டார்கள். சரியாக 35 ஆண்டுகள் கழித்து, 1999 இல் அதே திகதியில் சௌமியமூர்த்தி தொண்டமான் மறைந்தார்.

அன்று நான் கொழும்பில் ஒரு பத்திரிகை அலுவலகத்தில் இருந்தேன். “நீர் ஹட்டன் பக்கத்துக்காரர்தானே, வாழ்க்கைக் குறிப்பை நீரே எழுதும்” என்றார் ஆசிரியர். எழுதினேன். எழுதி முடித்தபின் ஒரு வரியை அடித்துவிட்டேன். அந்த வரியைப் பற்றியதுதான் இந்தப் பதிவு.

அடித்த வரி இதுதான்: “தொழிலாளர்களின் தலைவராக விளங்கிய அவர், ஒரு தேயிலைத் தோட்டத்தின் உரிமையாளருமாவார்.”

அதில் பொய் ஏதுமில்லை. அவருடைய தந்தை கருப்பையா தமிழகத்திலிருந்து வந்து, கங்காணியாக வேலை பார்த்து, பின்னாளில் றம்பொடையில் வேவண்டன் தோட்டத்தையே விலைக்கு வாங்கியவர். 1913 இல் முனப்புதூரில் பிறந்த மகன், சிறுவனாக இலங்கைக்கு வந்து கம்பளையில் படித்தார். லயத்தில் அவர் வாழ்ந்ததில்லை. பெரட்டுக் களத்தில் விடியற்காலைக் குளிரில் நின்றதுமில்லை. இடதுசாரிகள் அவரை விமர்சிக்கும்போதெல்லாம் முதலில் எடுக்கும் ஆயுதம் இதுதான்: முதலாளி எப்படித் தொழிலாளியின் தலைவராக முடியும்? இறந்தவரைப் பற்றி எழுதும் நாளில் அந்த ஆயுதத்தை நானும் எடுக்க வேண்டாம் என்று நினைத்தேன்.

இரண்டு நாள் கழித்து அப்பாவிடமிருந்து தொலைபேசி வந்தது. அப்பா டிக்கோயாப் பக்கத்தில் ஒரு தோட்டத்தின் தேயிலைத் தொழிற்சாலையில் வேலை செய்தவர். சங்கத்துக்கு மாதம் தவறாமல் சந்தா கட்டியவர்.

“எல்லாம் சரியா எழுதியிருக்கே தம்பி. அவருக்குத் தோட்டம் இருந்ததை மட்டும் ஏன் விட்டுட்டே?” என்றார்.

“அது அவருக்குக் குறைதானே அப்பா?” என்றேன்.

“யாரு சொன்னது? நாங்க ஒரு லீவுக்குப் போனாக்கூடத் துரை பங்களாவுக்குப் பின்பக்கமாத்தான் போய் நிக்கணும். அவரு முன்வாசல் வழியாப் போய் நாற்காலியில உட்கார்ந்து பேசுவாரு. அவருக்கும் ஒரு தோட்டம் இருந்திச்சு, அதனால முடிஞ்சுது. எங்களுக்கு அப்படி ஒரு ஆளு வேணுமா இருந்திச்சு.”

பல்கலைக்கழகத்தில் வாசித்த அரசியல் நூல்களில் இதை யாரும் எனக்குச் சொல்லித் தந்திருக்கவில்லை. ஒரு காலத்தில் தொழிற்சங்கக்காரர் தோட்டத்துக்குள் கால் வைத்தாலே அத்துமீறல் என்று வழக்குப் போடுவார்கள். அத்தகைய காலத்தில், துரைமாரின் மொழியையும் கணக்கையும் அறிந்த ஒருவர் தமக்காகப் பேசியது அத்தொழிலாளர்களுக்கு எவ்வளவு பெரிய விடயம் என்பதைப் படித்தவன் நான் அறியவில்லை, அப்பா அறிந்திருந்தார்.

1947 தேர்தலில் தொண்டமான் நுவரெலியாத் தொகுதியிலிருந்து நாடாளுமன்றம் சென்றார். மறு ஆண்டே பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. 1949 இல் வாக்குரிமையும் போயிற்று. 1952 தேர்தலில் அவருக்கும் ஆசனம் இல்லை. அந்த ஆண்டு கொழும்பில் நடந்த சத்தியாக்கிரகமும் சட்டத்தை அசைக்கவில்லை. இந்திய, பாகிஸ்தானியர் சட்டத்தின் கீழ் விண்ணப்பிக்க வேண்டாம் என்று காங்கிரஸ் முதலில் சொன்னதும், காலக்கெடு நெருங்கியபோது மனம் மாறியதும் அவருடைய தலைமைக் காலத்துத் தவறு என்றே இன்றும் கருதுகின்றேன். ஏறத்தாழ 8 இலட்சம் பேருக்காக விண்ணப்பங்கள் போயின; பிரஜாவுரிமை கிடைத்ததோ சுமார் 1 இலட்சத்து 34 ஆயிரம் பேருக்குத்தான். நிராகரிக்கப்பட்டோரில் என் தாத்தாவும் ஒருவர்.

1960 களில் அவர் நியமன உறுப்பினராக நாடாளுமன்றத்தில் இருந்தார். மீண்டும் மக்களின் வாக்கில் தெரிவானது 1977 இல், நுவரெலியா – மஸ்கெலியாத் தொகுதியின் மூன்றாவது உறுப்பினராக. இடையில் 30 ஆண்டுகள். அன்று எனக்கு ஏழு வயது. ஹட்டன் மல்லிகைப்பூச் சந்தியில் அப்பாவின் தோளில் இருந்து வெற்றி ஊர்வலம் பார்த்தேன். அந்தத் தேர்தலில் அப்பாவுக்கு வாக்கு இருக்கவில்லை என்பது பிற்பாடுதான் எனக்குத் தெரிந்தது. வாக்கில்லாத மனிதர் அன்று தொண்டை கட்டும்வரை வாழ்த்தொலி எழுப்பினார்.

1978 இல் அவர் கிராமியக் கைத்தொழில் அபிவிருத்தி அமைச்சரானார். எம்மைக் காக்க வேண்டிய அரசின் காலத்திலேயே 1981 இலும் 1983 இலும் எம்மவர் மீது வன்முறை நடந்தபோது, அமைச்சரவையில் அவர் ஏன் இருக்கின்றார் என்ற கேள்வி எழுந்தது. நானும் கேட்டிருக்கின்றேன். ஆனால் அந்த நாற்காலியில் இருந்துகொண்டே 1984 ஏப்ரலில் வேலைநிறுத்தம் நடத்தி, ஆணுக்கும் பெண்ணுக்கும் சம சம்பளம் பெற்றுத் தந்தார். 1986 தைப்பொங்கலன்று தோட்டந்தோறும் பிரார்த்தனை இயக்கம் தொடங்கியது. காலையில் மலைக்குப் போகாமல் கோயில் முன்றலில் அமர்ந்திருந்த பெண்களை நான் பார்த்தேன். நாடற்றவர்களுக்குப் பிரஜாவுரிமை வழங்க அரசு இணங்கியது; 1988 ஆம் ஆண்டுச் சட்டம் எஞ்சியோருக்கும் வழி திறந்தது. 1994 இல் அப்பா தம் வாழ்வின் முதல் வாக்கை அளித்தார். மை பூசிய விரலை அன்று மாலைவரை கழுவவில்லை.

அன்றைய தொலைபேசி உரையாடலின் முடிவில் அப்பா இன்னொன்றும் சொன்னார். பல ஆண்டுகளாக அதைத்தான் நான் அசைபோட்டுக் கொண்டிருக்கின்றேன்.

“வாக்கு பறிபோனப்ப அவருக்கும் பறிபோச்சு. அதனால அந்த வலி அவருக்குத் தெரியும், விடாம நின்னு வாங்கித் தந்தாரு. ஆனா நெலம் இல்லாம இருக்கறது எப்படின்னு அவருக்குத் தெரியாது தம்பி. அது அவருக்கு எப்பவும் இருந்திச்சு.”

இதை முழுத் தீர்ப்பாக நான் வைக்கவில்லை. 1972 இலும் 1975 இலும் தோட்டங்கள் அரசின் கைக்குப் போயின. 1992 இல் அவற்றின் முகாமைத்துவம் தனியார் கம்பனிகளிடம் போனது. காணியை ஒரு தனிமனிதரால் பிரித்துக் கொடுத்திருக்க முடியாது. எனினும், இந்த மாற்றங்களில் எதிலும் லயத்தில் இருந்தவருக்கு அவர் காலடி மண் சொந்தமாகவில்லை என்பதும், பெரும்பாலோருக்கு இன்றும் உறுதிப் பத்திரம் இல்லை என்பதும் உண்மை. 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயலின் மண்சரிவுகள் மலையகத்தை உலுக்கியபோது, இம்மக்களை எங்கே குடியேற்றுவது, யாருடைய நிலத்தில் என்ற பழைய கேள்வியே மறுபடியும் முன்வந்து நின்றது.

அப்பா இப்போது இல்லை. தமக்கென்று ஒரு துண்டுக் காணியில்லாமலே போய்ச் சேர்ந்தார். அவருடைய பிரஜாவுரிமைச் சான்றிதழ் என்னிடம் இருக்கின்றது, ஓரங்கள் மஞ்சளாகிவிட்டன.

அன்று அடித்த வரியை இன்று சேர்த்துக் கொள்கின்றேன். சௌமியமூர்த்தி தொண்டமான் ஒரு தேயிலைத் தோட்டத்தின் உரிமையாளர். அவரால் எமக்குக் கிடைத்தவற்றையும் கிடைக்காமல் போனவற்றையும் எழுதப் புகுபவர் எவரும் இந்த வரியை விட்டுவிடக் கூடாது. ஏசுவதற்காக அன்று, விளங்கிக்கொள்வதற்காக.