மைதானத்தின் ஓரத்திலிருந்து

உதைபந்தாட்டத்தில் முன்வரிசை வீரரொருவரின் பெருமையை அவர் அடித்த கோல்களின் தொகையைக் கொண்டு அளவிடுதலே வழக்கம். கோல் கண்ணுக்குத் தெரிவது, எண்ணத்தக்கது, ஏட்டில் எழுதத்தக்கது. ஆயின், முதற் கோலை அடிப்பதற்கு முன் அவ்வீரர் கடந்து வந்த தூரத்தை எந்த ஏடும் எண்ணுவதில்லை. மைதானத்தின் ஓரத்தில் நிற்கும் சிறுவன் அதன் நடுவுக்கு வந்து சேரவேண்டிய அந்தத் தூரமே, ஆலங்குடா போன்ற கரையோர ஊர்களைப் பொறுத்தவரை, ஆட்டத்தினும் பெரிய செய்தியாகும். இதனை விளக்குதற்கு இந்திய வீரர் ஐ. எம். விஜயனின் வாழ்வு தக்கதொரு சான்றாகும்.

விஜயன் 1969 ஏப்ரலில் கேரளத்தின் திருச்சூரில் வறிய குடும்பமொன்றிற் பிறந்தவர். அந்நகரின் மாநகர மைதானத்தில் ஆட்டம் நடைபெறும் நாள்களிற் சோடாப் போத்தல் விற்பது அவரது சிறுவயதுத் தொழில். போத்தலொன்றுக்குக் கிடைத்த வருவாய் 10 பைசா. அவருக்கும் ஆட்டத்துக்கும் இடையே இருந்தது ஒரு வெள்ளைக் கோடு மாத்திரமே. ஆனால் அக்கோட்டைத் தாண்டுவதற்குக் காலின் திறமை மட்டும் போதுமானதாக இருக்கவில்லை. அன்று கேரளப் பொலிஸின் தலைவராயிருந்த எம். கே. ஜோசப் அவரது ஆட்டத்தின் சிறப்பை உணர்ந்தார். பதினேழு வயதளவில் விஜயன் பொலிஸ் அணியிற் சேர்ந்தார். பந்தும் கிடைத்தது, சோறும் கிடைத்தது. இவ்விரண்டும் ஒருங்கே கிடைத்தமைதான் அவர் வாழ்வின் திருப்புமுனை எனலாம்.

அதன் பின்னர் நிகழ்ந்தவற்றை நாடறியும். 1990ஆம், 1991ஆம் ஆண்டுகளிற் கேரளப் பொலிஸ் அணி தொடர்ந்து இருமுறை கூட்டமைப்புக் கிண்ணத்தை வென்றது. கொல்கத்தாவின் மோகன் பகான் அவரை அழைத்தது. பஞ்சாபின் ஜே. சி. ரி. ஆலை அணி 1996-97இல் இந்தியாவின் முதலாவது தேசிய லீக் பட்டத்தை வென்றபோது அவர் அவ்வணியில் ஆடினார். 1993, 1997, 1999 ஆகிய மூன்று ஆண்டுகளில் இந்தியாவின் சிறந்த உதைபந்தாட்ட வீரராகத் தெரிவானார். 1999இல் காத்மண்டுவில் நடைபெற்ற தெற்காசிய விளையாட்டு விழாவிற் பூட்டானுக்கு எதிராக அவர் அடித்த கோல், ஆட்டம் தொடங்கி 12 விநாடிகளில் விழுந்தது. 2003இல் ஐதராபாத்தில் நடந்த ஆபிரிக்க - ஆசிய விளையாட்டு விழாவுடன் சர்வதேச அரங்கிலிருந்து விடைபெற்றார். அவ்வாண்டில் அருச்சுனா விருதும், 2025இல் பத்மஸ்ரீ விருதும் அவரை வந்தடைந்தன. தமிழ்ப் பார்வையாளருட் பலர் ‘திமிரு’, ‘பிகில்’ ஆகிய படங்களில் வந்த நடிகராக மாத்திரமே அவரை அறிவர்.

ஓய்வுபெற்ற விஜயனைக் கேரளப் பொலிஸ் மீண்டும் ஏற்றுக்கொண்டது; 2025 வரை அவர் அங்கே பணியாற்றினார். இது சிறிய செய்தியன்று. முன்வரிசை வீரரின் கால்கள் முப்பது வயதைக் கடந்ததும் தளரத் தொடங்குகின்றன; வாழ்க்கையோ அதன் பின்னும் அத்தனை காலம் நீள்கிறது. விஜயனுடன் அதே பொலிஸ் அணியில் ஆடியவரும் இந்திய அணிக்குத் தலைமை தாங்கியவருமான வி. பி. சத்தியன், ஆட்டம் ஓய்ந்த பின்னர் வங்கித் தொழிலில் இருந்தும், 2006இற் சென்னையிலே தம்முயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். ஆகவே, தொழிலொன்று கொடுத்துவிட்டால் எல்லாம் தீர்ந்துவிடும் என்று கொள்வதற்கில்லை. வீரனை உள்ளே விடும் வாயில் எத்துணை இன்றியமையாததோ, அவன் வெளியேறும் வாயிலில் ஆதரவாக நிற்பதற்கு ஒருவர் இருத்தலும் அத்துணை இன்றியமையாதது.

இனி ஆலங்குடாவை நோக்குவோம். ஒருபுறம் இந்து சமுத்திரமும் மறுபுறம் புத்தளம் களப்பும் அணைக்கும் கற்பிட்டிக் குடாநாட்டின் ஊர் இது. 1990 ஒக்ரோபரில் வட மாகாணத்திலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம் மக்களிற் பலர் இங்கும் அயலிலும் முகாம்களில் வாழ்வைப் புதிதாகத் தொடங்கினர். கரையோர மணலிற் பந்து உருளாது. எனவே அதனை எழுப்பியாடவும், வந்த பந்தை ஒரே தொடுகையில் அடக்கவும், புதையும் காலை விரைந்து எடுக்கவும் அங்கு ஆடுவோர் தாமாகவே பழகுகின்றனர். இவை முன்வரிசை வீரனுக்கு வேண்டிய பயிற்சிகளே. எனினும் விஜயன் பொலிஸ் அணியிற் சேர்ந்த அதே பதினேழு வயதில், இத்தகைய ஊரின் இளைஞன் முன்னே நிற்பவை கடற்றொழில், தோட்டம், வளைகுடா நாட்டு வேலை என்பனவே. அவற்றில் இழிவு எதுவுமில்லை. ஆனால் பந்து அவற்றுள் ஒன்றாக இல்லை என்பதே குறை.

இலங்கைக்கு இத்துறையில் வரலாறு இல்லாமலில்லை. 1995இற் கொழும்பில் நடைபெற்ற தெற்காசியக் கிண்ண இறுதியாட்டத்தில் இந்தியாவை வென்றது இலங்கையே. தரைப்படை, கடற்படை, விமானப்படை, பொலிஸ் ஆகியவற்றின் அணிகள் வீரருக்குத் தொழிலும் தந்து வந்துள்ளன. ஆயினும் 2023 ஜனவரியில் உலக உதைபந்தாட்டச் சம்மேளனம் இலங்கைச் சம்மேளனத்தை இடைநிறுத்தியது. ஓகஸ்ட் மாதத்திலேயே அத்தடை நீங்கியது. நிருவாகத்திலுள்ளோரின் பிணக்குக்கு ஏழு மாதம் சிறிது. வீரனொருவனின் குறுகிய ஆட்டக்காலத்தில் அது மிகப் பெரிது.

விஜயனின் கதையைக் கேட்போர் பெரும்பாலும் அவரது விடாமுயற்சியைப் புகழ்வர். அப்புகழ் தகும். ஆனால் அதனோடு நின்றுவிடுவது வசதியானதொரு மறதி. அன்று திருச்சூர் மைதானத்தின் ஓரத்தில் சோடா விற்ற சிறுவர் எத்தனையோ பேர் இருந்திருப்பர். அவர்களுள் எவனிடம் திறமை இருந்தது என்பதை யார் அறிவார்? ஜோசப்பைப் போன்ற ஒருவரின் கண்ணிற் படுவது நற்பேறு. அவ்வாறு பார்ப்பதை மாவட்டந்தோறும் ஒருவரின் கடமையாக்குவதே ஒழுங்கான நிருவாகம். நற்பேற்றை நம்பியிருக்கும் நாடு தலைமுறைக்கு ஒரு வீரனைப் பெறலாம். கடமையை நம்பும் நாடோ, ஆலங்குடாவிலிருந்தும் ஓர் அணியையே பெறக்கூடும்.